வாங்காத வாடகை

வாடகை வழக்கோடு வருகிறவர்களிடம் என் சீனியர் முதலில் வீட்டைப் பற்றிக் கேட்க மாட்டார். எந்தத் தெரு, எத்தனை வருஷக் குடித்தனம், வீட்டுக்காரர் எப்படிப்பட்டவர் என்பதெல்லாம் அப்புறம். "கடைசி ரசீது எந்த மாசத்துக்கு?" என்பதுதான் முதல் கேள்வி. பாதிப் பேரிடம் பதில் இருக்காது. "நாங்க ரெண்டு பேரும் அண்ணன் தம்பி மாதிரி சார், ரசீதெல்லாம் வாங்கறதில்ல" என்பார்கள். "அண்ணன் தம்பிங்கதான் கோர்ட்டுக்கு அதிகமா வர்றாங்க" என்று சொல்லிவிட்டு அவர் பேனாவைத் திறப்பார்.

எண்பதுகளின் நடுவில் நான் அவரிடம் ஜூனியராகச் சேர்ந்தேன். சென்னையில் ரென்ட் கண்ட்ரோலர்கள் உட்கார்ந்திருந்தது உயர் நீதிமன்ற வளாகத்துக்குள்ளேயே இருக்கும் சிறு வழக்குகள் நீதிமன்றத்தில். வெளியூர்களில் மாவட்ட முன்சீப்பே கண்ட்ரோலர். மனுவுக்கு ஆர்.சி.ஓ.பி. என்று பெயர், தோற்றவர் போடும் அப்பீல் ஆர்.சி.ஏ.; அதற்கும் மேலே உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு. இந்த மூன்று படிகளையும் ஏறி இறங்குவதற்குள் குடித்தனக்காரரின் பெண் பள்ளிக்கூடம் முடித்துக் கல்யாணமாகிப் போயிருப்பாள். வீட்டுக்காரர்கள் வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தைத் திட்டியதற்குப் பாதிக் காரணம் பிரிவுகள் அல்ல, இந்த வாய்தாக்கள்தான்.

போர்க்காலத்தில் 1941-ல் அரசாணையாக ஆரம்பித்து, 1946-லும் 1949-லும் சட்டமாகி, கடைசியில் 1960-ன் பதினெட்டாம் சட்டமாக நிலைத்தது அது. அதன் சாரம் ரொம்ப எளிது. வீட்டுக்காரரும் குடித்தனக்காரரும் எந்தப் பத்திரத்தில் என்ன எழுதிக்கொண்டிருந்தாலும் சரி, சட்டத்தில் சொல்லியிருக்கும் காரணங்களில் ஒன்றை நிரூபித்துக் கண்ட்ரோலரிடம் உத்தரவு வாங்காமல் ஒருவரை வெளியேற்ற முடியாது. பதினோரு மாத ஒப்பந்தம் முடிந்துபோனது என்பது அந்தக் காரணங்களில் இல்லை. "அக்ரிமெண்ட் முடிஞ்சிடுச்சு, காலி பண்ணு" என்று வந்த நோட்டீஸைக் கையில் பிடித்துக்கொண்டு வியர்த்து வழிந்து வருகிறவரிடம் இதைச் சொல்லும்போது அவர் முகம் தெளிவதைப் பார்க்கலாம். அந்தத் தெளிவு ரொம்ப நேரம் நீடிக்க விடக் கூடாது. அடுத்து அவரை மிரட்ட வேண்டியது வக்கீலின் வேலை.

ஏனென்றால் சட்டம் கொடுத்த காவல் முழுவதும் ஒரே ஒரு ஆணியில் தொங்கிக்கொண்டிருந்தது: வாடகை பாக்கி இருக்கக் கூடாது. பத்தாவது பிரிவில் காலி செய்யக் காரணங்கள் வரிசையாக இருந்தன. உள்வாடகைக்கு விடுவது, குடியிருக்க வாங்கிய இடத்தில் கடை போடுவது, கட்டடத்தைப் பாழாக்குவது, அக்கம்பக்கத்துக்குத் தொல்லை, நாலு மாதம் பூட்டிப் போடுவது, "நீ ஓனரே இல்லை" என்று மறுப்பது, வீட்டுக்காரரின் சொந்தத் தேவை. ஆனால் முதலில் நின்றது வாடகை கொடுக்கத் தவறியதுதான். நாங்கள் நடத்திய வழக்குகளில் பெரும்பாலானவை அதில்தான் பிறந்தன. இதில் வேடிக்கை என்னவென்றால், பணம் இல்லாமல் தவறியவர்கள் குறைவு. கொடுக்கப் போய் வாங்கப்படாமல் தவறியவர்கள்தான் அதிகம்.

உத்தி பழையது. வருஷக்கணக்காக ஐந்தாம் தேதி காலை வாசலில் நின்று வாடகை வாங்கிக்கொண்ட மனிதர் ஒரு மாதம் "அப்புறம் பார்த்துக்கலாம்ப்பா" என்பார். அடுத்த மாதம் "ஊருக்குப் போறேன், வந்து வாங்கிக்கறேன்" என்பார். மூன்றாவது மாதம் வீட்டில் இருக்கவே மாட்டார். நாலாவது மாதம் வக்கீல் நோட்டீஸ் வரும்: மூன்று மாத வாடகை பாக்கி, வேண்டுமென்றே தவறிவிட்டீர்கள். ரசீது புத்தகமும் அவரிடம், பணம் வாங்காத கையும் அவருடையது. குடித்தனக்காரரிடம் இருப்பது அஞ்சறைப் பெட்டிக்குள் மடித்து வைத்த மூன்று மாதப் பணம் மட்டும். அது சாட்சி சொல்லாது.

இதற்கு மருந்து எட்டாவது பிரிவில் இருந்தது. வாடகையை வாங்க மறுத்தால் குடித்தனக்காரர் எழுத்து மூலமாக நோட்டீஸ் கொடுத்து, பத்து நாளுக்குள் ஒரு பேங்க் கணக்கைச் சொல்லும்படி கேட்க வேண்டும். சொன்னால் அதில் கட்ட வேண்டும். சொல்லாவிட்டால் மணியார்டர், அதன் கமிஷனை வாடகையிலேயே கழித்துக்கொள்ளலாம். மணியார்டரையும் வாங்காமல் திருப்பினால் கண்ட்ரோலரிடம் அனுமதி வாங்கிக் கோர்ட்டில் கட்ட வேண்டும். நோட்டீஸ், பேங்க், மணியார்டர், கோர்ட் என்ற இந்த வரிசையில் ஒரு படியைத் தாண்டிக் குதித்தாலும் ஆபத்து. பழனிசாமி எதிர் பழனிசாமி என்று ஒரு வழக்கு. வீட்டுக்காரர், குடித்தனக்காரர் இருவருக்கும் ஒரே பெயர். முந்தைய படிகளைச் செய்யாமல் நேரே கோர்ட்டில் பணத்தைக் கட்டினால் அது வாடகை கொடுத்ததாக ஆகாது என்று உச்ச நீதிமன்றம் அதில் சொல்லிவிட்டது. அந்தத் தீர்ப்பு வந்தபோது அலுவலகத்தில் இருந்த எல்லாக் கட்டுகளையும் பிரித்து ஒவ்வொன்றிலும் பத்து நாள் நோட்டீஸ் இருக்கிறதா என்று பார்த்தோம்.

எங்கள் குமாஸ்தா ஒரு மணியார்டர் பண்டிதர். படிவத்தின் அடியில் சேதி எழுதும் கூப்பன் துண்டில் என்ன எழுத வேண்டும் என்று வருகிறவர்களுக்குச் சொல்லிக்கொடுப்பார். "நலம், நலமறிய ஆவல்னு எழுதாதீங்கம்மா. எந்த மாசம், எந்த வீடு, எவ்வளவு வாடகை, கமிஷன் எவ்வளவு கழிச்சீங்க, அவ்வளவுதான்." மாதத்தை எழுத மறந்தால் அந்தப் பணம் பழைய பாக்கிக்கு வரவு வைக்கப்பட்டது என்று எதிர்த் தரப்பு வாதிடும் என்பது அவருக்குத் தெரியும். 'வாங்க மறுத்தார்' என்று தபால்காரர் எழுதிக் கையெழுத்துப் போட்ட தாள் திரும்பி வந்தால் அதை மடிக்கக்கூட விட மாட்டார். மடித்த இடத்தில் தேதி முத்திரை அழிந்துபோனால் யார் பதில் சொல்வது?

திருவல்லிக்கேணி பைகிராப்ட்ஸ் ரோடு பக்கம் தையல் கடை வைத்திருந்த ஒரு பாய், திரும்பி வந்த மணியார்டர்களை எல்லாம் பில் குத்தும் கம்பியில் மாத வரிசையில் குத்தி வைத்திருந்தார். வழக்கு நடந்தபோது அந்தக் கம்பியோடு கோர்ட்டுக்கு வந்தார். சீனியர் அதைக் கழற்றி ஒவ்வொரு தாளாகக் கட்டட உரிமையாளரிடம் காட்டினார்.

"இதுல இருக்கிற விலாசம் உங்களோடதுதானே?"

"ஆமாம்."

"இந்தத் தேதியில தபால்காரர் வந்தாரா?"

"நான் ஊர்ல இல்ல."

அடுத்த தாள். "இந்தத் தேதியில?"

"அப்பவும் இல்ல."

நாலாவது தாள் வரைக்கும் அவர் ஊரில் இல்லை. ஐந்தாவதைக் காட்டும் முன் கண்ட்ரோலர் பேனாவைக் கீழே வைத்துவிட்டு, "தபால்காரர் வரும்போது மட்டும் நீங்க ஊர்ல இருக்கறதில்ல போலிருக்கே" என்றார். குறுக்கு விசாரணை அதோடு முடிந்தது. பாய் கம்பியைத் திருப்பி வாங்கிக்கொண்டுதான் போனார்.

வாடகை தவறியது ஒன்று, வேண்டுமென்றே தவறியது வேறொன்று. இந்த வித்தியாசத்தில்தான் எத்தனையோ குடும்பங்கள் பிழைத்தன. தவறியது வேண்டுமென்று அல்ல என்று கண்ட்ரோலருக்குப் பட்டால் பதினைந்து நாளுக்குள் கட்டச் சொல்லி, கட்டியதும் மனுவைத் தள்ளிவிட வேண்டும் என்று சட்டம் சொன்னது. அதே சமயம் வீட்டுக்காரர் நோட்டீஸ் கொடுத்து இரண்டு மாதம் ஆகியும் கட்டவில்லை என்றால் அது வேண்டுமென்றே தவறியதுதான் என்று 1973-ல் ஒரு விளக்கத்தைச் சேர்த்தார்கள். 1985-ல் சுந்தரம் பிள்ளை வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை விரிவாகப் பேசியது. அதற்குப் பிறகு அந்தத் தீர்ப்பை மேற்கோள் காட்டாத வாதமே கிடையாது. ஒரே பக்கத்தை இரு தரப்பும் தங்களுக்குச் சாதகமாகப் படித்ததையும் பார்த்திருக்கிறேன்.

இன்னொரு பொறி பதினோராவது பிரிவு. காலி செய்யும் வழக்கை எதிர்த்து நிற்க வேண்டுமானால் பாக்கியைக் கட்ட வேண்டும். வழக்கு நடக்கும் வரை மாதாமாதமும் கட்டிவர வேண்டும். தவறினால் வீட்டுக்காரர் ஒரு சின்ன மனு போடுவார். வழக்கின் நியாய அநியாயத்துக்குள் போகாமலே கண்ட்ரோலர் காலி செய்யச் சொல்லலாம். சொந்தத் தேவை என்று ஜோடித்த பொய் வழக்கில் வீட்டுக்காரரைக் கூண்டில் ஏற்றித் திணறடித்துவிட்டு, "இனிமே நமக்குத்தான் ஜெயம்" என்று நாலு மாதம் வாடகை கட்டாமல் இருந்து கடையை இழந்த ஒரு பாத்திரக் கடைக்காரரைத் தெரியும். வழக்கில் அவர் தோற்கவே இல்லை. வழக்கு கடைசி வரை விசாரிக்கப்படவே இல்லை.

அட்வான்ஸ் விஷயத்தில் ஒரு சுவாரசியம் உண்டு. பழைய சட்டப்படி ஒரு மாத வாடகைக்கு மேல் அட்வான்ஸ் வாங்கக் கூடாது. சென்னையில் பத்து மாதம் வாங்காத வீட்டுக்காரரை நான் பார்த்ததில்லை. சவுகார்பேட்டை, பாரிமுனைக் கடைகளில் அட்வான்ஸுக்கு மேலே, கடையைக் கொடுப்பதற்கான பகடிப் பணம் வேறு. அதற்குக் காகிதமே இருக்காது. இந்த மீறலே சில சமயம் குடித்தனக்காரருக்குக் கவசமாகிவிடும். அதிகமாக வாங்கிய அட்வான்ஸ் திருப்பித் தர வேண்டிய பணம், அல்லது வாடகையில் கழிக்க வேண்டிய பணம். அது கையில் இருக்கும்போது வீட்டுக்காரர் பாக்கி என்று எப்படிச் சொல்ல முடியும் என்று உச்ச நீதிமன்றம் 1996-ல் கேட்டது. அதிலிருந்து, அட்வான்ஸ் கொடுத்ததற்கு ஒரு துண்டுச் சீட்டாவது இருக்கிறதா என்று தேடச் சொல்வது எங்கள் இரண்டாவது கேள்வியாயிற்று.

சொந்தத் தேவை வழக்குகள் வேறு ரகம். அவற்றில் கணக்கு கிடையாது, மனுஷன்தான். வீட்டுக்காரருக்கோ அவர் குடும்பத்துக்கோ இடம் தேவை. அதே ஊரில் அந்த வகையைச் சேர்ந்த வேறு சொந்தக் கட்டடத்தில் அவர்கள் இருந்துவரக் கூடாது. தேவை உண்மையாக இருக்க வேண்டும். மகன் வெளிநாட்டிலிருந்து நிரந்தரமாகத் திரும்புகிறான் என்பது எண்பதுகள் தொண்ணூறுகளில் அடிக்கடி வந்த கதை. திரும்பி வருகிறவன் ஒருநாள்கூடச் சாட்சிக் கூண்டுக்கு வர மாட்டான். ஒரே வீட்டின் ஒரு பகுதியில் வீட்டுக்காரர், இன்னொரு பகுதியில் குடித்தனக்காரர் என்றால் 'கூடுதல் இடம் வேண்டும்' என்று கேட்கலாம். ஆனால் குடித்தனக்காரருக்கு ஏற்படும் கஷ்டம் வீட்டுக்காரருக்குக் கிடைக்கும் சௌகரியத்தைவிடப் பெரிதா என்று கண்ட்ரோலர் எடை போட வேண்டும். இந்த எடை போடும் வாதங்களில் எனக்கு எப்போதும் கொஞ்சம் கூச்சம். இந்தப் பக்கம் ஆஸ்துமா அத்தை, அந்தப் பக்கம் பரீட்சைக்குப் படிக்கும் பேத்தி என்று இரண்டு வக்கீல்களும் வீட்டில் இருக்கிறவர்களின் நோய்நொடியை எல்லாம் பெஞ்சுக்கு முன்னால் கடை பரப்புவோம்.

பொய்த் தேவைக்குத் தண்டனையும் இருந்தது. காலி செய்து வாங்கிய வீட்டில் ஒரு மாதத்துக்குள் வீட்டுக்காரர் குடிபுகாவிட்டாலோ, புகுந்து ஆறு மாதத்துக்குள் காரணமில்லாமல் காலி செய்தாலோ, பழைய குடித்தனக்காரர் மறுபடி உள்ளே வர மனுப் போடலாம். புத்தகத்தில் அழகான பிரிவு. அதைப் பயன்படுத்தியவர்கள் மிகக் குறைவு. மயிலாப்பூரில் காலி செய்து மடிப்பாக்கத்தில் வீடு பிடித்து, பிள்ளைகளைப் புதிய பள்ளியில் சேர்த்தவர் மறுபடி ஒரு வழக்குக்கு எதற்கு வருவார்?

இடித்துக் கட்டுவதாகச் சொல்லிப் போடும் மனு இன்னும் கெட்டிக்காரத்தனமானது. கைக்கு வந்த ஒரு மாதத்துக்குள் இடிக்க ஆரம்பித்து மூன்று மாதத்துக்குள் முடிக்கிறேன் என்று வீட்டுக்காரர் உறுதிமொழி தர வேண்டும். கட்டடத்தின் வயது, நிலைமை, கட்டுவதற்கான பணவசதி, நோக்கத்தின் உண்மை எல்லாவற்றையும் பார்க்க வேண்டும் என்று நீதிமன்றங்கள் சொல்லியிருந்தன. பழுது பார்க்க என்று காலி செய்தால் குடித்தனக்காரருக்குத் திரும்பி வரும் உரிமை உண்டு. இடித்துக் கட்டினால் கிடையாது. போதாக்குறைக்கு, புதிதாகக் கட்டிய கட்டடத்துக்கு ஐந்து வருஷம் இந்தச் சட்டமே செல்லாது. ஜார்ஜ் டவுனில் மெட்ராஸ் டெரஸ் போட்ட, தேக்குத் தூலம் இன்னும் அசையாத வீடுகளை 'இற்றுப்போன கட்டடம்' என்று சொல்லும் இன்ஜினீயர் அறிக்கைகளைப் படித்திருக்கிறேன். அந்த இடத்தில் இப்போது நிற்கும் கண்ணாடி வளாகங்களைவிட அவை திடமாக இருந்தன.

வீட்டுக்காரர் பக்கம் நியாயமே இல்லையா என்றால், இருந்தது. முப்பது வருஷத்துக்கு முன்பு பேசிய அறுபது ரூபாய் வாடகையை முக்கியச் சாலைக் கடைக்குக் கொடுத்துக்கொண்டு, அந்தக் கடையின் லாபத்தில் சொந்தமாக இரண்டு வீடு கட்டியவர்களுக்கும் நான் வக்காலத்துப் போட்டிருக்கிறேன். மாடியில் ஒழுகும் அறையில் அந்தக் கட்டடத்தின் உரிமையாளரான விதவை இருப்பார். சட்டத்துக்கு அவர் 'வீட்டுக்காரர்', இவர் 'குடித்தனக்காரர்'. யார் எளியவர் என்று அது கேட்கவில்லை. இதற்கும் சட்டத்தில் வழி இருந்தது, நியாய வாடகை மனு. கட்டடத்தின் மதிப்பில் தேய்மானத்தைக் கழித்து, மனையின் சந்தை மதிப்பையும் வசதிகளின் மதிப்பையும் சேர்த்து, குடியிருப்பு என்றால் அதில் வருஷத்துக்கு 9 சதவீதம், கடை என்றால் 12 சதவீதம் வாடகையாக நிர்ணயிக்கலாம். மனை விலை ஏற ஏற இந்தக் கணக்கு எங்கேயோ போய் நின்றது. தி.நகரில் சில நூறு ரூபாய் கொடுத்தவருக்குச் சில ஆயிரங்கள் என்று உத்தரவு வரும். கொடுக்க முடியாது, பாக்கி விழும், அப்புறம் அதே பத்தாவது பிரிவு. நியாய வாடகை மனு காலி செய்யும் மனுவின் முதல் அத்தியாயம் என்பதை வீட்டுக்காரர்களின் வக்கீல்கள் நன்றாகத் தெரிந்து வைத்திருந்தார்கள்.

சட்டத்துக்கு வெளியே நின்றவர்களும் உண்டு. மாத வாடகை 400 ரூபாய்க்கு மேல் போன குடியிருப்புகளுக்குக் காவல் இல்லை என்ற விதியை 1986-ல் ரத்தன் ஆர்யா வழக்கில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. கோயில், அறக்கட்டளைக் கட்டடங்களுக்கு அரசு கொடுத்த விலக்கு மட்டும் நிலைத்தது. மாட வீதிகளில் மூன்று தலைமுறையாகக் குடியிருந்தவர்கள் வந்து உட்காரும்போது, பக்கத்து வீட்டுக்காரருக்கு உள்ள பாதுகாப்பு உங்களுக்கு இல்லை என்று சொல்ல வேண்டியிருக்கும். "சாமி வீட்டுல இருக்கோம்னு தைரியமா இருந்தோமே" என்றார் ஒரு பாட்டி.

2019 பிப்ரவரி 22-லிருந்து பழைய சட்டம் இல்லை. அப்போதே நிலுவையில் இருந்த வழக்குகள் மட்டும் அதன்படி நடக்கின்றன. 2017-ல் இயற்றப்பட்ட புதிய சட்டத்தில் எழுத்து மூலமான ஒப்பந்தம் கட்டாயம்; அதை வாடகை அதிகாரியிடம் பதிவு செய்ய வேண்டும்; அட்வான்ஸ் மூன்று மாத வாடகைக்கு மேல் கூடாது. தண்ணீர், மின்சாரத்தை வெட்டக் கூடாது என்ற பழைய தடை இதிலும் உண்டு. ஆனால் அச்சாணி மாறிவிட்டது. பழைய சட்டம் ஒப்பந்தத்தை ஓரம்கட்டிவிட்டு ஆளைக் காத்தது. புதியது ஒப்பந்தத்தைக் காக்கிறது. அதில் எழுதிய காலம் வரைக்கும்தான் ஆளுக்குப் பாதுகாப்பு. எழுத்தில் ஒப்பந்தம் செய்துகொள்ளத் தவறியதே காலி செய்ய ஒரு காரணம். வீடு கட்டுகிறவர்கள் பயமில்லாமல் வாடகைக்கு விட வேண்டும் என்ற நோக்கம் புரிகிறது, அதில் நியாயமும் இருக்கிறது. ஆனால் ஐ.டி. கம்பெனி ஊழியருக்கும் வடபழனியில் இட்லிக் கடை வைத்திருப்பவருக்கும் ஒரே பேனாவைக் கொடுத்துக் கையெழுத்துப் போடச் சொன்னால் இருவருக்கும் ஒரே பலம் இருக்காது என்பதை இதை எழுதியவர்கள் யோசித்ததாகத் தெரியவில்லை.

அந்த இட்லிக் கடை உதாரணத்துக்குச் சொன்னது அல்ல. கடையை நடத்தும் அம்மா இருபது வருஷமாக அதே இடத்தில் இருக்கிறார். வாய்ப்பேச்சுதான், பத்திரம் கிடையாது. கட்டடத்தை வாங்கிய புதிய உரிமையாளர் ஒப்பந்தம் போட மறுக்கிறார். அந்த அம்மா கூகுள் பேயில் அனுப்பும் வாடகை அன்று ராத்திரியே அம்மாவின் கணக்குக்குத் திரும்பி வந்துவிடுகிறது. இப்போது ஒப்பந்தம் இல்லை என்ற காரணத்தைக் காட்டியே வாடகை நீதிமன்றத்தில் மனு வந்திருக்கிறது. வாங்கப்படாத வாடகையை வாடகை அதிகாரியிடம் கட்டச் சொல்லியிருக்கிறேன். உரிமையாளர் சேர்ந்து வராவிட்டாலும் குடியிருப்பவர் தன் பங்குக்குத் தனியாக விவரம் தாக்கல் செய்யலாம், அதையும் செய்தாயிற்று. போன் திரையைத் தேதி வரிசையில் அச்செடுத்து வைத்திருக்கிறோம். அந்த அம்மா கேட்டது இது: "நான் கையெழுத்துப் போட ரெடியா இருக்கேன் சார். அவர் போட மாட்டேங்கறார். போடாததுக்கு என்னைக் காலி பண்ணச் சொன்னா எப்படி?" இதையே கொஞ்சம் சட்டத் தமிழில் எதிருரையின் மூன்றாம் பத்தியாக வைத்திருக்கிறோம். வாய்தா அடுத்த மாதம்.